பல்கலைக்கழகத் தேர்தலில் மாணவர் நிற்கலாமா? சட்டமும் நீதிமன்றமும் சொன்னது என்ன

பிள்ளைக்கு மலாயாப் பல்கலைக்கழகத்திலோ யூ.கே.எம்மிலோ இடம் கிடைத்துவிட்டால், கிள்ளானிலும் பிரிக்பீல்ட்ஸிலும் உள்ள நம் வீடுகளில் வாழ்த்தோடு ஓர் எச்சரிக்கையும் சேர்ந்து வரும்: "படிப்ப மட்டும் பாரு. எலெக்‌ஷன், அரசியல்னு எதுலயும் மாட்டிக்காத. பிடிபிடிஎன் கடன் நின்னுபோயிடும்." இந்தப் பயம் காரணமில்லாமல் வந்ததல்ல. ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் சட்டமே அந்த எச்சரிக்கையைச் சொல்லிக்கொண்டிருந்தது. ஆனால், 2011 முதல் நிலைமை படிப்படியாக மாறியிருக்கிறது. அந்த மாற்றத்தின் தொடக்கத்தில் ஒரு நீதிமன்றத் தீர்ப்பு இருக்கிறது. அந்தத் தீர்ப்புக்குப் பலமாக நின்றதோ, நம் இன வழக்கறிஞர் ஒருவர் தொடுத்துத் தோற்றுப்போன இன்னொரு வழக்கு.

பல்கலைக்கழகத்தை ஆள்வது யார்?

தேர்தல் வழக்குகளைப் பார்க்குமுன் ஒன்றைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். நம் நாட்டு அரசாங்கப் பல்கலைக்கழகத்தில் அதிகாரம் இரண்டு இடங்களில் இருக்கிறது. நிதி, நிர்வாகம், கொள்கை ஆகியவை இயக்குநர் வாரியத்தின் கையில்; பாடத்திட்டம், தேர்வு, பட்டம் போன்ற கல்வி விவகாரங்கள் செனட்டின் கையில். 1995இல் செய்யப்பட்ட சட்டத்திருத்தத்திற்கு முன் இயக்குநர் வாரியத்தின் இடத்தில் பல்கலைக்கழக மன்றம் என்ற அமைப்பு இருந்தது. இப்போது வாரியத்தின் தலைவரும் பெரும்பான்மை உறுப்பினர்களும் உயர்கல்வி அமைச்சரால் நியமிக்கப்படுகிறவர்கள். பட்டதாரிகள் வரிசையில் நின்று வாக்களித்து அவர்களைத் தேர்ந்தெடுப்பதில்லை.

இந்தியாவில் நிலைமை வேறு. மும்பைப் பல்கலைக்கழகத்தை எடுத்துக்கொள்வோம். அதன் செனட்டில் பதிவுபெற்ற பட்டதாரிகளுக்கென 10 இடங்கள் உண்டு. 2023 ஆகஸ்டில் அந்தத் தேர்தல் அறிவிக்கப்பட்டு, பிறகு நிறுத்தப்பட்டது. வாக்காளர் பட்டியல் பற்றிய புகார்கள் அதற்குக் காரணமாகச் சொல்லப்பட்டன. 2024 செப்டம்பர் 22ஆம் தேதி தேர்தல் என்று மீண்டும் அறிவித்தார்கள். வாக்களிப்புக்கு இரண்டு நாளுக்கு முன் மாநில அரசின் உத்தரவால் அதுவும் தள்ளிவைக்கப்பட்டது. விவகாரம் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனது. நீதிமன்றம் தாமதிக்காமல் தலையிட, செப்டம்பர் 24ஆம் தேதி தேர்தல் நடந்தது. பத்து இடங்களையும் சிவசேனா உத்தவ் தாக்கரே பிரிவின் இளைஞர் அணி வென்றது. ஆட்சிக்குழுவுக்கே தேர்தல் இருப்பதால், அங்கே வழக்கும் "தேர்தலை எப்போது நடத்துவது, பட்டியலில் யார் பெயர் இருக்கிறது" என்ற வடிவில் வருகிறது.

மலேசியாவில் வாரியத்துக்குப் பொதுத்தேர்தல் இல்லாததால், வளாகத்தில் பரவலாக வாக்குப்பெட்டி வைக்கப்படும் இடம் ஒன்றுதான்: மாணவர் பிரதிநிதித்துவ மன்றம். சட்டப்படி அதுவும் பல்கலைக்கழகத்தின் அமைப்புச் சட்டத்தில் இடம்பெற்ற ஓர் அங்கம். நிர்வாகத்தின் முன் மாணவர்களுக்காகப் பேச அங்கீகரிக்கப்பட்ட அமைப்பு அது. எனவே நம் நாட்டில் சர்ச்சை எழுந்ததும் அங்கேதான். ஆனால் வாக்கு எண்ணிக்கையைப் பற்றிய சண்டையாக அது பெரும்பாலும் இருந்ததில்லை. யார் நிற்கலாம், நிற்பவர் என்ன பேசலாம் என்பதே கேள்வியாக இருந்தது.

1974இல் அடைத்த கதவு

பந்தாய் பள்ளத்தாக்கில், பிரிக்பீல்ட்ஸிலிருந்து சற்றுத் தொலைவில் இருக்கும் மலாயாப் பல்கலைக்கழகத்தில் 1960களின் இறுதியில் மாணவர் சங்கம் ஒரு தனி அரசாங்கம் போலவே நடந்தது. சொற்பொழிவு மூலையில் அமைச்சர்களை விமர்சித்தார்கள். 1969 பொதுத்தேர்தலுக்கு மாணவர்களே ஒரு கொள்கை அறிக்கை வெளியிட்டு ஊர் ஊராகப் பிரச்சாரம் செய்தார்கள். மே 13 கலவரத்திற்குப் பின் வந்த 1971ஆம் ஆண்டு பல்கலைக்கழகங்கள், பல்கலைக்கழகக் கல்லூரிகள் சட்டம் இதற்கு முதல் கடிவாளம் போட்டது. 'ஆவ்கு' என்ற மலாய்ச் சுருக்கப் பெயரில் மாணவர்கள் குறிப்பிடும் சட்டம் இதுதான்.

1974 செப்டம்பரில் ஜொகூர்பாருவின் தாசேக் உத்தாரா புறம்போக்குக் குடியிருப்பாளர்கள் வெளியேற்றப்பட்டபோது, மலாயாப் பல்கலைக்கழக மாணவர் சங்கத்தினர் வளாக நிர்வாகத்தையே சிறிது நேரம் கைப்பற்றினார்கள். சங்கம் இடைநிறுத்தம் செய்யப்பட்டது. அதே ஆண்டு டிசம்பரில், ரப்பர் விலை வீழ்ச்சியால் பாலிங் சிறுதோட்டக்காரர்கள் பட்ட துன்பத்தைச் சொல்லிக் கோலாலம்பூரில் நடந்த ஆர்ப்பாட்டத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர்கள் கைதானார்கள். இப்போதைய பிரதமர் டத்தோஸ்ரீ அன்வார் இப்ராஹிம், அப்போது பட்டம் பெற்று இளைஞர் இயக்கத் தலைவராக இருந்தவர், உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் பிடிக்கப்பட்டதும் அந்தச் சமயத்தில்தான்.

அடுத்து வந்த 1975 திருத்தம் மிகக் கடுமையானது. பழைய மாணவர் சங்கத்தின் இடத்துக்கு அதிகாரம் குறைந்த மாணவர் பிரதிநிதித்துவ மன்றம் வந்தது. மன்றம் சொந்தமாக நிதி வைத்துக்கொள்ளவோ வசூல் செய்யவோ கூடாது. மாணவர் எவரும் அரசியல் கட்சியில் சேரக்கூடாது. கட்சி ஒன்றுக்கு ஆதரவாகவோ, அனுதாபமாகவோ, எதிராகவோ பொருள்கொள்ளத்தக்க எதையும் சொல்லவோ செய்யவோ கூடாது. இந்தக் கடைசி விதியின் வீச்சைக் கவனிக்க வேண்டும். கட்சியில் சேர்ந்தால்தான் குற்றம் என்பதில்லை; அனுதாபம் போல் தோன்றினாலே போதும். நம் பெற்றோர்களின் மனத்தில் இன்றும் நிற்பது இந்தச் சட்டம்தான்.

2009 பிப்ரவரியில் நடப்புக்கு வந்த திருத்தம் சில முடிச்சுகளைத் தளர்த்தியது. குற்றவியல் தண்டனை நீக்கப்பட்டு, மீறல்கள் பல்கலைக்கழக ஒழுங்கு நடவடிக்கைக்கு விடப்பட்டன. ஆனால் ஆதரவு, அனுதாபம் பற்றிய 15(5)(அ) விதி அப்படியே இருந்தது.

உலு சிலாங்கூரில் நால்வர்

2010 ஏப்ரல் 25ஆம் தேதி உலு சிலாங்கூர் நாடாளுமன்ற இடைத்தேர்தல். நம் வாசகர்கள் பலருக்கு அது நன்றாக நினைவிருக்கும். தேசிய முன்னணி சார்பில் ம.இ.கா.வின் பி.கமலநாதன், பி.கே.ஆர். சார்பில் சைட் இப்ராஹிம். கமலநாதன் 1,725 வாக்கு வித்தியாசத்தில் வென்றார்.

அந்தப் பிரச்சாரக் களத்தில் பாங்கியிலுள்ள மலேசியத் தேசியப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த நான்கு மாணவர்கள் இருந்தார்கள். நால்வரும் அரசியல் அறிவியல் படிப்பவர்கள். தேர்தலைப் பாடமாகப் படிப்பவர்கள் தேர்தலைப் பார்க்கப் போனது குற்றமாயிற்று. போட்டியிடும் கட்சிக்கு ஆதரவாகப் பொருள்கொள்ளத்தக்க பிரச்சாரப் பொருட்களை வைத்திருந்தார்கள் என்று கூறி, 15(5)(அ) விதியின் கீழ்ப் பல்கலைக்கழகம் அவர்கள்மேல் ஒழுங்கு நடவடிக்கை தொடங்கியது. 'யூ.கே.எம். நால்வர்' என்று ஊடகங்கள் அழைத்தது இவர்களைத்தான்.

அவர்கள் ஒழுங்குக் குழுவின் முன் வாதாடுவதோடு நிற்கவில்லை. அந்த விதியே கூட்டரசு அரசியலமைப்புச் சட்டத்தின் 10ஆவது பிரிவு தரும் பேச்சுரிமைக்கு முரணானது என்று நீதிமன்றம் போனார்கள். வழக்கில் முதல் பெயர் முகமட் ஹில்மான் இடாம். எதிர்த்தரப்பு மலேசிய அரசாங்கம். 2010 செப்டம்பரில் உயர் நீதிமன்றம் மனுவைத் தள்ளுபடி செய்தது. மாணவர்கள் மேல்முறையீடு செய்தார்கள்.

தோற்ற வழக்கு கொடுத்த ஆயுதம்

இந்த இடத்தில்தான் சிவராசா ராசையாவின் வழக்கு உள்ளே வருகிறது. அவர் வழக்கறிஞர்; அப்போது ஒரு கட்சியின் பொறுப்பாளராகவும், 2008இல் தேர்வான சுபாங் நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தார். பார் கவுன்சில் எனப்படும் வழக்கறிஞர் மன்றத்தின் தேர்தலில் நிற்க விரும்பினார். ஆனால், 1976ஆம் ஆண்டு சட்டத்தொழில் சட்டத்தின் 46ஏ பிரிவு, நாடாளுமன்ற உறுப்பினரும் கட்சிப் பதவி வகிப்பவரும் அந்த மன்றத்தில் இடம்பெற முடியாது என்றது. இது தம் சங்க உரிமையையும் சமத்துவ உரிமையையும் பறிக்கிறது என்று சிவராசா வழக்குத் தொடுத்தார்.

2009 நவம்பரில் கூட்டரசு நீதிமன்றம் அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. வழக்கறிஞர் மன்றம் கட்சி அரசியலின் பிடியிலிருந்து விலகி இருக்க வேண்டும் என்ற நோக்கம் நியாயமானது. தடையும் அந்த நோக்கத்துக்கு ஏற்ற அளவில்தான் இருக்கிறது என்பது முடிவு. சிவராசாவுக்கு அதனால் ஒரு பயனும் இல்லை.

ஆனால் தீர்ப்பை எழுதிய நீதிபதி கோபால் ஸ்ரீராம் போகிற போக்கில் ஒரு பெரிய கொள்கையை நிறுவிவிட்டார். அரசியலமைப்பின் 10ஆவது பிரிவு, நாடாளுமன்றம் உரிமைகளுக்குக் "கட்டுப்பாடு" விதிக்கலாம் என்று மட்டும் சொல்கிறது. "நியாயமான கட்டுப்பாடு" என்று சொல்லவில்லை. இந்திய அரசியலமைப்பில் அந்த "நியாயமான" என்ற சொல் உண்டு. மலேசிய அரசியலமைப்பிலும் அதை இருப்பதாகவே வாசிக்க வேண்டும். இல்லையென்றால் உரிமை என்பதே வெறும் எழுத்தாகிப் போகும் என்பது அவர் காட்டிய வழி. உரிமையைப் பறிக்காத அளவில், நோக்கத்துக்குப் பொருத்தமான அளவில் மட்டுமே கட்டுப்பாடு நிற்கும்.

ஒரு தேர்தலில் நிற்கத் தொடுத்த வழக்கு. தொடுத்தவருக்குத் தோல்வி. இரண்டு ஆண்டுகூட ஆகவில்லை. அந்த அளவுகோலை வைத்தே புத்ராஜெயாவில் மாணவர்களின் வழக்கு அளக்கப்பட்டது.

2011 அக்டோபர் 31

அன்று மேல்முறையீட்டு நீதிமன்றம் இரண்டுக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் மாணவர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. நீதிபதிகள் ஹிஷாமுடின் முகமட் யூனுஸ், லிந்தன் அல்பர்ட் ஆகிய இருவரும் 15(5)(அ) விதி அரசியலமைப்புக்கு முரணானது, செல்லாது என்றார்கள்.

நீதிபதி ஹிஷாமுடினின் வாதம் நீதிமன்ற மொழி அறியாதவருக்கும் எளிதில் புரியக்கூடியது. வயது வந்த மாணவர் ஒப்பந்தம் செய்யலாம், வழக்குப் போடலாம், திருமணம் செய்து பிள்ளை பெறலாம், நிறுவனத்தின் இயக்குநர் ஆகலாம், 21 வயதானால் பொதுத்தேர்தலில் வாக்களிக்கலாம். அதே ஆள் ஒரு கட்சியைப் பிடிக்கும், பிடிக்காது என்று வாய்திறந்தால் மட்டும் குற்றமா? அரசியலமைப்பு அனுமதிக்கும் காரணங்களில் பொது ஒழுங்கும் அறநெறியும் உண்டு. ஒரு மாணவர் சட்டப்படியான ஒரு கட்சியை ஆதரிப்பது இவற்றில் எதைக் கெடுக்கிறது என்று காட்ட முடியவில்லை. பல்கலைக்கழகம் சிந்தனையாளர்களும் சீர்திருத்தம் செய்வோரும் விளையும் நிலமாக இருக்க வேண்டும், பழக்கிவைத்த ரோபோக்களை உண்டாக்கும் இடமாக அல்ல என்ற பொருளில் அவர் எழுதியது பிறகு பலராலும் எடுத்துக்காட்டப்பட்டது.

மூன்றாவது நீதிபதி லோ ஹோப் பிங் உடன்படவில்லை. தடை அரசியலமைப்பு அனுமதிக்கும் வரம்புக்குள்தான் இருக்கிறது என்பது அவர் கருத்து. மாணவர் படிக்க வந்தவர், கட்சிப் பூசல் வகுப்பறைக்குள் வரக்கூடாது என்ற கவலை பெற்றோர் பலருக்கும் உள்ளதுதான். அதைக் கேலியாக ஒதுக்கிவிட முடியாது. ஆனால் அந்தக் கவலைக்குத் தீர்வாக, வளாகத்துக்கு வெளியே, பத்து மைல் தள்ளி ஒரு கூட்டத்தில் நிற்பதையும் தடுக்க வேண்டுமா என்ற கேள்விக்கு அதில் பதில் இல்லை.

வழக்கில் முதல் பெயராக இருந்த ஹில்மான், 2018இல் சிலாங்கூரில் கோம்பாக் செத்தியா சட்டமன்ற உறுப்பினரானார்.

அதன் பிறகு மாறியவை

தீர்ப்பு வந்த அடுத்த மாதமே, அப்போதைய பிரதமர் டத்தோஸ்ரீ நஜிப் துன் ரசாக் 15ஆவது பிரிவு திருத்தப்படும் என்று நாடாளுமன்றத்தில் அறிவித்தார். 2012 திருத்தத்தின்படி மாணவர் அரசியல் கட்சியில் உறுப்பினராகலாம். ஆனால் வளாகத்துக்குள் கட்சி நடவடிக்கை கூடாது. கட்சியில் பதவி வகிக்கும் மாணவர், மாணவர் அமைப்புகளின் தேர்தலில் நிற்கவோ பொறுப்பு வகிக்கவோ முடியாது. சிவராசாவை வழக்கறிஞர் மன்றத்துக்கு வெளியே நிறுத்திய அதே தர்க்கம் இங்கே மாணவர் மன்றத்துக்குள் வந்திருப்பதைக் காணலாம்.

சட்டம் தளர்ந்ததும் வளாகம் தளர்ந்துவிடவில்லை. 2014 அக்டோபர் 27ஆம் தேதி இரவு, அன்வார் இப்ராஹிம் பேசவிருந்த நிகழ்ச்சிக்காக மாணவர்கள் திரண்டபோது மலாயாப் பல்கலைக்கழகத்தின் வாயில் பூட்டப்பட்டிருந்தது. மாணவர்கள் அதைத் தள்ளித் திறந்தார்கள். அப்போதைய மாணவர் மன்றத் தலைவருக்கு இரண்டு தவணை இடைநீக்கமும் 600 வெள்ளி அபராதமும் விதிக்கப்பட்டன. மாணவர்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்த தலைவர் அவர். தேர்தல் ஒழுங்காக நடந்து முடிந்த பிறகும், தேர்வானவரின் கையை ஒழுங்கு விதி கட்டிப்போட முடியும் என்பதற்கு இது சான்று.

ஆட்சி மாற்றத்துக்குப் பின், 2018 டிசம்பரில் கல்வி அமைச்சர் டாக்டர் மஸ்லி மாலிக் கொண்டுவந்த திருத்தம், வளாகத்துக்குள் கட்சி நடவடிக்கைக்கு இருந்த தடையை நீக்கியது. தனியார் உயர்கல்வி நிலையங்களுக்கான சட்டமும் அதோடு சேர்த்துத் திருத்தப்பட்டது. 2019 ஜூலையில் வாக்களிக்கும் வயதை 18 ஆக்கும் அரசியலமைப்புத் திருத்தம் மக்களவையில் நிறைவேறி, 2021 டிசம்பர் 15 முதல் நடப்புக்கு வந்தது. நீதிபதி ஹிஷாமுடின் 21 வயதைச் சொல்லி எழுப்பிய கேள்வி, இப்போது முதலாண்டு மாணவருக்கே பொருந்தும். பிறகு 2024இல் வந்த திருத்தம், மாணவர் அமைப்புகள் நிதி திரட்டவும் அதைத் தாங்களே நிர்வகிக்கவும் வழிசெய்தது. 1975இல் பறித்ததில் முக்கியமான ஒன்று ஏறக்குறைய ஐம்பது ஆண்டுக்குப் பிறகு திரும்பியது. தமிழ்ப் பேரவை போன்ற வளாக அமைப்புகளை நடத்தும் நம் மாணவர்களுக்கு இது நேரடியாகப் பயன்படும்.

வேட்புமனு நிராகரிக்கப்பட்டால்

வளாகத் தேர்தலைப் பற்றிய புகார்கள் இன்றும் பெரும்பாலும் ஒரே வகைப்பட்டவை: வேட்புமனுவுக்குக் கொடுத்த நேரம் போதவில்லை, பிரச்சார நாட்கள் குறைவு, மின்னியல் வாக்களிப்பில் இரகசியம் உண்டா என்ற ஐயம், தொழில்நுட்பக் காரணம் சொல்லி மனு நிராகரிப்பு. இவற்றில் எது நடந்தாலும் முதலில் செய்ய வேண்டியது, முடிவையும் காரணத்தையும் எழுத்தில் கேட்டு வாங்குவது. வாய்மொழியாகச் சொன்னதை வைத்து மேற்கொண்டு எதுவும் செய்ய முடியாது. அடுத்து, அந்தப் பல்கலைக்கழகத்தின் தேர்தல் விதிகளில் உள்ள முறையீட்டுக் கெடு. அது மிகக் குறுகியதாக இருக்கக்கூடும். கட்சிப் பொறுப்பில் இருப்பவர், மனு கொடுக்குமுன்பே 15ஆவது பிரிவின் நடப்புப் பதிப்பையும் தம் பல்கலைக்கழகத்தின் மாணவர் ஒழுங்கு விதிகளையும் சேர்த்துப் படித்துவிடுவது நல்லது.

உள்முறையீடு பலிக்காவிட்டால் உயர் நீதிமன்றத்தில் நீதித்துறை மறுஆய்வு கோரலாம். அரசாங்கப் பல்கலைக்கழகம் சட்டத்தால் அமைந்த பொது அமைப்பு என்பதால் இந்த வழி திறந்திருக்கிறது. 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 53ஆவது ஆணைப்படி, முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் மனுச் செய்ய வேண்டும். முதலில் நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். யார் நல்ல வேட்பாளர் என்று நீதிமன்றம் பார்க்காது. அதிகாரி தம் அதிகாரத்துக்குள் செயல்பட்டாரா, முறையாகக் கேட்டு முடிவெடுத்தாரா, முடிவு அறிவுக்கு ஒவ்வாததா என்பதையே பார்க்கும்.

இதில் பெரிய இடைஞ்சல் காலம்தான். யூ.கே.எம். நால்வரின் வழக்கு மேல்முறையீட்டில் முடிய இடைத்தேர்தல் நாளிலிருந்து பதினெட்டு மாதமானது. வளாகத் தேர்தல்களோ ஆண்டுக்கணக்கில் மாறிமாறி வருபவை. வழக்கு முடிவதற்குள் பதவிக்காலம் போய்விடும். சில வேளை மாணவர் பட்டமே வாங்கிவிடுவார். ஆகவே மனுவோடு இடைக்காலத் தடையும் கேட்பதா என்பதை வழக்கறிஞரோடு முதல் நாளே பேச வேண்டியிருக்கும். இந்தியாவில் இந்தச் சிக்கலுக்கு வேறு வழி கண்டார்கள். லிங்டோ குழுவின் பரிந்துரைகளை 2006இல் உச்ச நீதிமன்றம் நடைமுறைப்படுத்த உத்தரவிட்டபோது, மாணவர் தேர்தல் புகார்களை வளாகத்திலேயே விசாரிக்கும் குறைதீர்ப்புப் பிரிவு, வேட்பாளர் செலவுக்கு 5,000 ரூபாய் உச்சவரம்பு, 75 விழுக்காடு வருகைப்பதிவு போன்றவை விதிகளாயின.

தனியார் பல்கலைக்கழகங்களிலும் கல்லூரிகளிலும் படிப்பவர்களுக்குக் கணக்கு வேறு. அந்த நிலையங்கள் 1996ஆம் ஆண்டு தனியார் உயர்கல்வி நிலையங்கள் சட்டத்தின் கீழ் வருகின்றன. மாணவருக்கும் நிலையத்துக்கும் உள்ள உறவு பெரும்பாலும் ஒப்பந்த உறவாகவே பார்க்கப்படுகிறது. அதனால் நீதித்துறை மறுஆய்வு என்ற கதவு அவர்களுக்கு அதே போல் திறப்பதில்லை. சேர்க்கையின்போது கையெழுத்திட்டுக் கொடுத்த விதிமுறைக் கையேட்டில் என்ன எழுதியிருக்கிறதோ, வாதம் அங்கிருந்தே தொடங்கும். அந்தக் கையேட்டைப் பத்திரமாக வைத்திருக்கச் சொல்லுங்கள்.